ராஜா சாண்டோ

தமிழ்நாட்டுச் சலனப் படக் கலையின் தொடக்க வரலாற்றை அறிய விழைவோர் மறத்தற்கரிய பெயர் ராஜா சாண்டோ என்பது. நம் கண்டரமாணிக்கத்திற்குத் தொலைவில்லாத புதுக்கோட்டையில், 19-ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் இவர் பிறந்தார். இயற்பெயர் நாகலிங்கம். தேகப்பயிற்சியில் வல்லவராகிய இவருக்கு, உலகப் புகழ் வாய்ந்த பலசாலி யூஜின் சாண்டோவின் பெயரே வழங்கலாயிற்று.

அக்காலத்தில் தென்னாட்டில் படத்தொழில் நன்கு வேரூன்றவில்லை. ஆதலின் இவர் பம்பாய் சென்று, 1922 முதல் மௌனப் படங்களில் நடிக்கலானார். கட்டமைந்த உடல் புராண வீரர் வேடங்களுக்குப் பொருத்தமாயிருந்தது. ஆயினும் அதனோடு அவர் அமைந்துவிடவில்லை. சந்துலால் ஷா இயக்கிய டைப்பிஸ்ட் கேர்ள் (1926), குணசுந்தரி (1927) முதலிய சமூகப் படங்களிலும் நடித்தார். நம் கண்முன் நிகழும் வாழ்க்கையும் கலைக்குரிய பொருளே என்னும் எண்ணம் அவருள் வேரூன்றிற்று. 1928-இல் தாமே இயக்குநருமானார்.

பின்னர்ச் சென்னைக்கு வந்து, ஆர். பத்மநாபனின் அசோசியேட் பிலிம் கம்பெனிக்காகப் பேயும் பெண்ணும் (1930), அநாதைப் பெண் (1931) முதலிய படங்களை இயக்கினார். பிற்காலத்தில் புகழெய்திய கே. சுப்பிரமணியம் அங்கே இவருடன் பணியாற்றியவர்.

பேசும் படம் பிறந்தபின், புராணக் கதைகளே முதலுக்கு மோசமில்லாதவை என்று முதலாளிகள் பெரும்பாலும் கருதினர். அந்நிலையில், வடுவூர் துரைசாமி ஐயங்காரின் நாவலாகிய மேனகாவை, டி. கே. எஸ். சகோதரர்களை நடிக்கச் செய்து 1935-இல் படமாக்கினார். தமிழில் சமூகப் படங்களுக்கு வழி திறந்தவற்றுள் அஃது ஒன்று. பக்திக் கதையையும் அவர் ஒதுக்கினாரல்லர். தியாகராஜ பாகவதர் நடித்த திருநீலகண்டர் (1939) பெருவெற்றி பெற்றது. பாகவதரின் சிவகவியையும் இவரே இயக்கத் தொடங்கினார். ஆயின் தயாரிப்பாளரோடு கருத்து வேறுபாடு நேரவே இடையில் விலகினார். ஸ்ரீராமுலு நாயுடு அதனை முடித்தார். படம் வெளியான 1943-ஆம் ஆண்டிலேயே ராஜா சாண்டோ கோயம்புத்தூரில் காலமானார்.

பின்னாளில் தமிழக அரசு இவர் பெயரால் விருதொன்றை ஏற்படுத்திற்று. ஆனால் இவர் சென்னையில் எடுத்த மௌனப் படங்களை இன்று காண்பதற்கில்லை. தென்னாட்டு மௌனப் படங்கள் ஏறக்குறைய அனைத்தும் பேணுவாரின்றி அழிந்தன. பெயரைப் போற்றினோம், படைப்பைக் காக்கத் தவறினோம். கலைஞனுக்குச் செய்யும் சிறப்பு அவன் படைப்பைக் காப்பதிலிருந்தே தொடங்குகின்றது என்பதை, கலை பயிலும் மாணவ நண்பர்கள் உளங்கொள்வாராக.