கே. பி. சுந்தராம்பாள்

கொடுமுடி பாலாம்பாள் சுந்தராம்பாள் (1908 - 1980) தமிழ் நாடக, திரைப்பட நடிகையும் பாடகியும் ஆவார். ஈரோடு மாவட்டம் கொடுமுடியில் பிறந்தார். குடும்ப வறுமையினால் சிறுவயதில் தொடருந்தில் பாடிப் பொருள் ஈட்டியவர், பின்னர் வேலு நாயர் நாடகக் குழுவில் சேர்ந்தார்.

கிட்டப்பாவுடன் வாழ்க்கை

1926 இல் இலங்கையில் நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்தபோது எஸ். ஜி. கிட்டப்பாவுடன் பழக்கம் ஏற்பட்டது. கிட்டப்பாவின் ஊரான செங்கோட்டை, வாசுதேவநல்லூரைப் போலவே இன்று தென்காசி மாவட்டத்தில் உள்ளது; அன்று அது திருவிதாங்கூர் அரசுக்கு உட்பட்டிருந்தது. 1927 இல் இருவரும் மணந்துகொண்டனர். கிட்டப்பா ஏற்கனவே மணமானவர்.

மேடையில் இந்த இணைக்கு நிகரில்லாத புகழ் கிடைத்தது. இல்லற வாழ்வோ நிலைக்கவில்லை. பிறந்த குழந்தை விரைவிலேயே இறந்தது. கிட்டப்பா விலகிச் சென்றார். சுந்தராம்பாள் அவருக்கு எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சில் வெளிவந்தன. அக்கால நாடகக் கலைஞர் ஒருவரின் அக வாழ்வை இவ்வளவு நேரடியாகக் காட்டும் ஆவணங்கள் தமிழில் மிகச் சிலவே. 1933 டிசம்பரில் கிட்டப்பா தமது 27 ஆவது வயதில் காலமானார். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 25. அன்று முதல் வெள்ளைப் புடவையே உடுத்தினார். ஆண் நடிகர்களுடன் இணையாக நடிப்பதில்லை என்றும் உறுதி பூண்டார்.

திரைப்படங்கள்

இந்த உறுதி அவரது கலை வாழ்வை முடக்கியிருக்கக்கூடும். மாறாக, 1935 இல் வெளிவந்த பக்த நந்தனார் படத்தில் அவரே நந்தனாராக ஆண் வேடம் ஏற்றார். வேதியராக மகாராஜபுரம் விசுவநாத ஐயர் நடித்தார். இப்படத்துக்கு அவர் பெற்ற ஊதியம் 1 லட்சம் ரூபாய். அக்காலத்தில் நினைத்துப் பார்க்கவும் அரிய தொகை. நடிக்க விருப்பமின்றி, தயாரிப்பாளர் பின்வாங்கட்டும் என்றே அவ்வளவு கேட்டார் எனக் கூறப்படுவதுண்டு.

தொடர்ந்து மணிமேகலை (1940), எஸ். எஸ். வாசனின் ஔவையார் (1953), பூம்புகார் (1964), திருவிளையாடல் (1965) முதலிய படங்களில் நடித்தார். இவற்றில் பெரும்பாலானவை துறவியர், புலவர் வேடங்களே. திருமணத்தைத் தவிர்க்க விநாயகரை வேண்டி முதுமையைப் பெற்றவர் ஔவை என்பது மரபுக்கதை. அவ்வேடம் சுந்தராம்பாளுக்குப் பொருந்தியதற்குக் குரல்வளம் மட்டுமே காரணமாக இருந்திருக்க முடியாது.

அரசியலும் சிறப்புகளும்

தேசிய இயக்கப் பாடல்களைப் பாடிக் காங்கிரசுக்காகப் பிரசாரம் செய்தார். சென்னை மாகாண சட்ட மேலவையில் உறுப்பினராக இடம்பெற்றார். இந்தியாவில் சட்டமன்ற அவையொன்றுக்குச் சென்ற முதல் திரைக்கலைஞராக இவர் குறிப்பிடப்படுகிறார். துணைவன் (1969) படத்துக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதும், 1970 இல் பத்மசிறீ விருதும் பெற்றார். கொடுமுடியில் தம் பெயரிலேயே ஒரு திரையரங்கையும் கட்டினார். 1980 இல் காலமானார்.