கணித மேதை மகாவீராசாரியர்

பின்னத்தைப் பின்னத்தால் வகுக்க வேண்டின், வகுக்கும் பின்னத்தைத் தலைகீழாக்கிப் பெருக்குதல் வேண்டும். பல்லாண்டுகள் இவ்விதியைக் கற்பித்த யானும், நம் சமண ஆசாரியர் ஒருவர் இதனைத் தெளிவுற வகுத்துரைத்தார் என்பதைப் பணி ஓய்வுக்குப் பின்னரே அறிந்தேன்.

அவரே மகாவீராசாரியர். தீர்த்தங்கரர் பெருமானின் திருப்பெயர் தாங்கிய இவர், 9ஆம் நூற்றாண்டில் இராஷ்டிரகூட மன்னன் அமோகவர்ஷன் ஆட்சியில் கன்னட நாட்டில் வாழ்ந்தவர். கி.பி. 850ஐ ஒட்டி அவர் வடமொழியில் இயற்றிய ‘கணிதசாரசங்கிரகம்’, வானநூலின் உறுப்பாக அன்றிக் கணிதத்தையே தனிப்பொருளாகக் கொண்டது.

பின்னங்களுக்கென ‘கலாசவர்ணம்’ என்னும் பகுதியை அதில் விரிவாக அமைத்தார். விதியளவில் நில்லாது, கடைப்பண்டங்களின் விலையையும் அறுந்து சிதறிய முத்துமாலையையும் கணக்குகளாக்கினார். அவ்வழியில் நாமும் ஒன்று காண்போம். ஏழரை முழத் துணியில் ஒன்றேகால் முழத் துண்டுகள் எத்தனை? 15/2ஐ 5/4ஆல் வகுக்க வேண்டும். அதாவது 4/5ஆல் பெருக்க வேண்டும். விடை 6. கலப்புப் பின்னத்தை முதலில் தகாபின்னமாக மாற்றாத பிள்ளைகளே இங்குத் தடுமாறுவர்.

ஓர் எண்ணைச் சுழியத்தால் வகுப்பின் அது மாறாது நிற்கும் என்று அவர் உரைத்தது பிழையே. அதனை மறைத்தல் அவருக்குச் சிறப்பாகாது.

1912இல் சென்னை மாநிலக் கல்லூரிப் பேராசிரியர் எம். ரங்காசாரியார் இந்நூலை ஆங்கில மொழிபெயர்ப்புடன் பதிப்பித்தார். மூடபித்ரி சமண மடத்து ஏட்டுச்சுவடியும் அப்பதிப்புக்குத் துணையாயிற்று.