மார்ஸெல் டாலியோ

‘காஸபிளாங்கா’ என்னும் அமெரிக்கப் படத்தை நம் சங்கத்து அன்பர்களிற் பலர் கண்டிருப்பர். சூதாட்டம் நடைபெறுகிறதென்று காரணம் காட்டி விடுதியை மூடுகிறார் போலீஸ் அதிகாரி. அதே கணத்தில், அவர் ஆட்டத்தில் வென்ற பணத்தை மரியாதையுடன் அவரிடமே நீட்டுகிறான் ஒரு பணியாளன். அவ்வேஷம் தரித்தவரே மார்ஸெல் டாலியோ. திரையில் அவர் பெயர் கூடக் காட்டப்படவில்லை. மூன்றாண்டுகளுக்கு முன்னரோ, பிரெஞ்சு தேசத்துத் தலைசிறந்த படமொன்றில் அவர் பிரபுவாக நடித்தவர்!

டாலியோ 1899-இல் பாரிஸ் நகரில், ருமேனியாவிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்திற் பிறந்தார். நாடகப் பயிற்சி பெற்று, கேளிக்கை மேடைகளில் நடித்து, பின்னர் படவுலகு புகுந்தார். 1937-இல் ழான் ரெனுவார் எடுத்த ‘லா கிராந்த் இல்லூஸியோன்’ அவருக்குப் புகழ் தேடித் தந்தது. வீட்டிலிருந்து வரும் உணவைச் சிறைத் தோழர்களுடன் பகிர்ந்துண்ணும் செல்வந்த யூதப் போர்வீரனாக அதில் தோன்றினார்.

1939-இல் அதே ரெனுவார் ‘லா ரெக்ல் து ழூ’ படத்தில் அவரை மார்க்கி பட்டம் பூண்ட பிரபுவாக்கினார். இசை எழுப்பும் இயந்திரப் பொம்மைகளைச் சேகரிப்பதில் அப்பிரபுவுக்குத் தீராத மோகம். புதிதாக வாங்கிய பெரிய இசைப் பெட்டியை விருந்தினர்க்குக் காட்டிவிட்டு அருகில் நிற்கிறார். பெருமையும் கூச்சமும் ஒருங்கே முகத்தில் ஓடுகின்றன. வாய் திறந்து ஒன்றும் சொல்வதில்லை. டாலியோவின் நடிப்பில் நாம் முதலிடம் தருவது இக்காட்சிக்கே. யூதர் ஒருவர் பிரெஞ்சுப் பிரபுவாக நடிப்பதா என்று சிலர் சினந்தனர். அவ்வாண்டிலேயே படத்துக்குத் தடையும் விழுந்தது.

1940-இல் ஜெர்மானியர் பாரிஸை நெருங்கவே, இளம் மனைவி மாதலேன் லெபோவுடன் அவர் லிஸ்பன் சென்று கப்பலேறினார். கையிலிருந்த சிலி நாட்டு அனுமதிச் சீட்டுகள் போலி எனத் தெரிந்து, இருவரும் மெக்ஸிகோவில் தவிக்க நேர்ந்தது. ஒருவாறு அமெரிக்கா சேர்ந்தனர். பாரிஸிலோ நாஜிகள் அவர் படத்தைச் சுவரொட்டியில் அச்சிட்டு, யூதனின் முகம் இதுவென ஊருக்குக் காட்டினர். அவருடைய பெற்றோர் வதை முகாமில் மாண்டனர்.

போர் முடிந்ததும் தாயகம் மீண்டார். 1947-இல் ரெனே கிளெமான் எடுத்த ‘லே மோதி’, மறு ஆண்டு ‘தெதே தான்வேர்’ என வேஷங்கள் தொடர்ந்தன. பழைய பிரபு வேஷம் போன்றதொன்று பின்னர் வாய்க்கவில்லை. அமெரிக்காவுக்கும் பிரான்ஸுக்கும் மாறி மாறிச் சென்று நடித்தார். 1955-இல் ‘காஸபிளாங்கா’ தொலைக்காட்சித் தொடராக வந்தபோது, பணம் நீட்டிய அந்தப் பணியாளருக்கே போலீஸ் அதிகாரி வேஷம் கிட்டியது. பதின்மூன்றாண்டுக்குப் பின் பதவி உயர்வு! அதன் அருமை நம்மைப் போன்ற குமாஸ்தாக்களுக்குத் தெரியும்.

1973-இல் லூயி த ஃப்யூனே நடித்த ‘ரபி ஜேக்கப்’ என்னும் நகைச்சுவைப் படம் வந்தது. பிரான்ஸில் எழுபது லட்சத்துக்கும் மேற்பட்டோர் அதைக் கண்டு சிரித்தனர். அதில் நீண்ட காலம் அமெரிக்காவில் வாழ்ந்துவிட்டுப் பாரிஸ் திரும்பும் யூத குருவாக, வெண்தாடியுடன் வந்தவர் டாலியோ. சுவரொட்டியில் ஒட்டப்பட்ட அதே முகந்தான். 1983-இல் அந்நகரிலேயே காலமானார்.