தாயின் பழைய கோட்டில் பிறந்த தவளை

ஏற்காடு மலையை விட்டு இறங்கினால் சேலம். அந்த வட்டாரத்தில் பொம்மலாட்டம் பழைய கலை. ஆட்டுகிறவர் தலையில் ஒரு இரும்பு வளையம் இருக்கும். அதிலிருந்து இறங்கும் கயிறுகளில் மரப் பொம்மை தொங்கும். அவர் தலையை ஆட்டினால், பொம்மையும் ஆடும்!

கடல் கடந்த நாட்டில் ஒருவர் கயிற்றையே விட்டுவிட்டார். மேடையையும் விட்டுவிட்டார். டெலிவிஷன் பெட்டியையே மேடை ஆக்கினார்.

அவர்தான் ஜிம் ஹென்சன்.

1936 செப்டம்பர் 24-ந் தேதி, அமெரிக்காவில் மிசிசிப்பி மாநிலத்தில் பிறந்தார். தந்தை அரசாங்க விவசாய இலாகாவில் வேலை பார்த்தார். பாட்டி தையலிலும் ஓவியத்திலும் கெட்டிக்காரி. பேரனுக்கு ஊசி நூல் பழகியது அப்படித்தான்.

டெலிவிஷன் அப்போது புதுசு. வீட்டில் ஒன்று வாங்கவேண்டும் என்று சிறுவன் ஜிம் பெற்றோரை நச்சரித்தான். வாங்கிய பிறகுதான் விட்டான்!

1954-ல், பள்ளிப் படிப்பு முடியும் சமயத்தில், ஒரு டெலிவிஷன் நிலையத்தில் பொம்மை ஆட்ட ஆள் தேடினார்கள். பொம்மை பற்றி அவருக்கு அவ்வளவாகத் தெரியாது. டெலிவிஷனுக்குள் நுழைய வேண்டும், அவ்வளவுதான்! நூலகத்தில் புத்தகம் எடுத்துப் படித்துவிட்டுப் போனார்.

அடுத்த ஆண்டே வாஷிங்டனில் சொந்த நிகழ்ச்சி கிடைத்தது. 5 நிமிட நிகழ்ச்சி. அதற்காகத் தாயாரின் பழைய கோட்டு ஒன்றைக் கத்தரித்தார். பிங்-பாங் பந்து ஒன்றை இரண்டாக வெட்டிக் கண்களாக வைத்தார். அதுதான் கெர்மிட். முதலில் அது தவளையே அல்ல. பல்லி மாதிரி ஏதோ ஒன்று. பின்னால்தான் தவளை ஆயிற்று.

மரப் பொம்மையின் முகம் மாறாது. ஹென்சன் துணியும் ரப்பர் நுரையும் கொண்டு செய்தார். உள்ளே கையை விட்டு விரலை அசைத்தால், பொம்மை முகம் சுளிக்கும், சிரிக்கும்! ஆட்டுகிறவர் கீழே மறைந்திருந்து, தன் எதிரே உள்ள டெலிவிஷனில் பார்த்தபடியே ஆட்டுவார்.

கூட ஆடிய ஜேன் என்ற பெண்ணை 1959-ல் மணந்தார். 5 குழந்தைகள்.

ஏழைக் குழந்தைகளுக்காக...

வயிற்றுப்பாட்டுக்கு விளம்பரப் படம் எடுத்தார். 8 வினாடியில் ஒரு காப்பிப் பொடி விளம்பரம்! அந்த அனுபவம் வேறு விதத்தில் பயன்பட்டது.

பள்ளிக்கு முன் படிப்பு கிடைக்காத ஏழைக் குழந்தைகளுக்கு டெலிவிஷனில் எழுத்தும் எண்ணும் கற்பிக்க ஜோன் கான்ஸ் கூனி என்ற அம்மையார் திட்டமிட்டார். குழந்தைகள் விளம்பரப் பாட்டை உடனே பிடித்துக்கொள்கின்றன. எழுத்தையும் அப்படியே சொன்னால் என்ன? இதுதான் யோசனை. ஹென்சன் தயங்கினார். குழந்தைகளின் பொம்மைக்காரன் என்று முத்திரை விழுந்துவிடுமே என்ற பயம். பிறகு சம்மதித்தார். 1969 நவம்பர் 10-ந் தேதி "செசமி ஸ்ட்ரீட்" தொடங்கியது.

பயந்தபடியே நடந்தது! பெரியவர்களுக்கும் சேர்த்து ஒரு நிகழ்ச்சி என்றதும் அமெரிக்க நிறுவனங்கள் கையை விரித்தன. லண்டனில் லூ கிரேடு என்பவர் பணம் போட்டார். 1976 முதல் 1981 வரை 120 பகுதிகள். நூற்றுக்கு மேற்பட்ட நாடுகள் பார்த்துச் சிரித்தன.

53 வயதில்...

1990 மே மாதம் தொண்டை வலி வந்தது. சாதாரணம் என்று இருந்துவிட்டார். பிறருக்குத் தொந்தரவு கொடுக்கப் பிடிக்காத மனிதர். 15-ந் தேதி மூச்சுத் திணறிய பிறகுதான் நியூயார்க் ஆஸ்பத்திரிக்குப் போனார். நோய்க் கிருமி உடல் முழுவதும் பரவிவிட்டது. மறுநாளே உயிர் பிரிந்தது. வயது 53.

தன் இறுதிச் சடங்குக்கு யாரும் கறுப்பு உடை அணியக்கூடாது என்று முன்பே எழுதி வைத்திருந்தார். அப்படியே வண்ண உடையில் வந்தார்கள்.

2006-ல் "செசமி ஸ்ட்ரீட்" இந்தியாவிலும் "கலி கலி சிம் சிம்" என்ற பெயரில் வந்தது. அதில் சம்கி, பள்ளிச் சீருடை அணிந்த சிறுமி.

அம்மாவின் கோட்டில் செய்த அந்த முதல் கெர்மிட்டை, ஜேன் 2010-ல் வாஷிங்டன் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்துக்குக் கொடுத்துவிட்டார்.