உள்ளக் கோயிலைக் காட்டிய கவிமணி

நாஞ்சில் நாட்டின் தேரூரில் 1876ஆம் ஆண்டு ஜூலை 27ஆம் நாள் சிவதாணுப் பிள்ளைக்கும் ஆதிலட்சுமி அம்மையாருக்கும் மகனாகப் பிறந்தவர் கவிமணி தேசிக விநாயகம் பிள்ளை. அப்பகுதி அந்நாளில் திருவிதாங்கூர் மன்னராட்சியின் கீழ் இருந்ததால், அவர் பள்ளியில் பயின்றது மலையாளமே. தமிழ் அமுதம் ஊட்டியவர், திருவாவடுதுறை ஆதீனத்தைச் சார்ந்த சாந்தலிங்கத் தம்பிரான். அந்த அருளாசிரியரின் நிழலில் வளர்ந்த கவிமணி, அம்பிகையைப் போற்றி 'அழகம்மை ஆசிரிய விருத்தம்' பாடித் தம் கவிதைப் பணியைத் தொடங்கினார்.

ஆசிரியப் பணியில் 36 ஆண்டுகள் தொண்டாற்றி, 1931ஆம் ஆண்டு ஓய்வு பெற்றபின் மனைவி உமையம்மையாரின் ஊரான புத்தேரியில் தங்கினார். பழஞ்சுவடிகளையும் கல்வெட்டுகளையும் ஆராய்ந்து கட்டுரைகள் வரைந்தார். காந்தளூர்ச் சாலை பற்றி ஆங்கிலத்தில் நூலும் எழுதினார். 1938இல் வெளிவந்த 'மலரும் மாலையும்' தொகுப்பில் பக்திப் பாடல்களும் குழந்தைப் பாடல்களும் மணம் வீசுகின்றன.

நாஞ்சில் நாட்டு வேளாளரிடையே அக்காலத்தில் மருமக்கள் வழிச் சொத்துரிமை நிலவியது. தந்தையின் சொத்து பெற்ற பிள்ளைகளுக்குச் சேராமல் சகோதரியின் பிள்ளைகளுக்குச் சென்றது. மனைவியும் மக்களும் ஆதரவற்று வாடினர். திருத்தலங்களின் பெருமையைக் கூறும் நூலுக்கு உரிய 'மான்மியம்' என்னும் பெயரை, அப்பெண்களின் கண்ணீருக்குச் சூட்டி, 'நாஞ்சில் நாட்டு மருமக்கள் வழி மான்மியம்' படைத்தார். சிரிக்க வைத்தே சிந்திக்க வைத்த நூல் அது.

மொழிபெயர்ப்பிலும் அவர் உள்ளம் நாடியது கருணையையே. எட்வின் ஆர்னால்டின் ஆங்கில நூலைத் தழுவி 1941இல் 'ஆசிய ஜோதி'யைத் தந்தார். மகனை இழந்த தாயின் துயரமும், தாழ்குலத்தோன் எனத் தயங்கிய ஏழைச் சிறுவனை அணைத்துக்கொள்ளும் புத்தரின் அன்பும், முதலில் தமிழிலேயே பிறந்தவை போல் அதில் ஒலிக்கின்றன. பிட்ஜெரால்டின் ஆங்கில வடிவின் வழியே பாரசீகக் கவிஞர் உமர்கய்யாமின் பாடல்களையும் தமிழாக்கினார். அந்நூல் 1945இல் வெளிவந்தது.

1940ஆம் ஆண்டு சென்னையில் தமிழ்ச் சங்கத்தார் அவருக்குக் 'கவிமணி' என்னும் பட்டம் அளித்தனர். 1954ஆம் ஆண்டு செப்டம்பர் 26ஆம் நாள் அவர் புத்தேரியில் மறைந்தார். இரண்டே ஆண்டுகளில், 1956 நவம்பர் 1ஆம் நாள், அவர் பிறந்த மண் தமிழகத்தோடு இணைந்தது.

ஆலயத் திருவிழாவிற்குச் செல்வோர் நினைவில் கொள்ளத்தக்க கவிமணியின் பாடல் ஒன்று உண்டு. கோயில் முழுவதையும் சுற்றிப் பார்த்து, கோபுரத்தின் மீதும் ஏறி நின்ற பெண் ஒருத்தி, இறைவனை மட்டும் காணவில்லையே எனத் தோழியிடம் ஏங்குகிறாள். அவன் உள்ளத்துள்ளே உறைகின்றான் என உணர்த்துகிறாள் தோழி. கோபுரத்தைத் தொழுத கண்கள் உள்ளத்தையும் உற்று நோக்க வேண்டும். அங்கே பிறர் துயர் கண்டு இரங்கும் அன்பு சுடர்விட வேண்டும். அழகம்மையைப் பாடித் தொடங்கி, ஏழைச் சிறுவனை அணைத்த புத்தர் வரை அப்பெருமகனார் பாடிய பாட்டெல்லாம் இவ்வொன்றையே காட்டி நிற்கின்றன.