சாக்ஸபோன் தந்த சாக்ஸ்

பள்ளியில் படித்த காலத்தில் எங்கள் வீட்டு வானொலிப் பெட்டியில் ஓயாமல் சுழன்ற ஒலிநாடா ஒன்று உண்டு. 1994இல் வெளிவந்த 'டூயட்' திரைப்படத்தின் பாடல்கள். ஏ.ஆர். ரகுமானின் இசையில் அப்படத்திற்குச் சாக்ஸபோன் வாசித்தவர் கத்ரி கோபால்நாத். பாடல்களைவிட அந்தக் குழலோசைக்காகவே ஒலிநாடாவைத் திருப்பித் திருப்பி ஓடவிட்டிருக்கிறேன். நாதஸ்வரம் போலவும் இருக்கும். நாதஸ்வரம் இல்லை என்றும் தெரியும்.

அந்தக் கருவியின் பெயருக்குள் ஒரு மனிதரின் பெயர் ஒளிந்திருக்கிறது என்பது பல்கலைக்கழகம் வந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. அவர் அடோல்ப் சாக்ஸ். 'டூயட்' வெளிவருவதற்கு நூறு ஆண்டுகளுக்கு முன்பு, 1894இல், கடனாளியாக இறந்தவர். வெற்றி பெற்ற ஒரு கண்டுபிடிப்பாளரின் கதை என்று எண்ணித்தான் அவரைப் பற்றிப் படிக்கத் தொடங்கினேன். படித்து முடித்தபோது, வெற்றி என்று எதைச் சொல்வது என்ற கேள்விதான் மிஞ்சியது.

பிழைத்த பிள்ளை

இன்றைய பெல்ஜியத்தில், மியூஸ் ஆற்றங்கரையில் உள்ள தினான் என்ற சிற்றூரில் 1814 நவம்பர் 6ஆம் நாள் சாக்ஸ் பிறந்தார். பதினொரு பிள்ளைகளில் மூத்தவர். தந்தை சார்ல்ஸ் ஜோசப் சாக்ஸ் இசைக்கருவிகள் செய்யும் தொழிலாளி. பின்னர் குடும்பம் பிரஸ்ஸல்ஸ் நகரில் குடியேறியது.

அடோல்பின் இளமைக் காலத்தைப் பற்றிச் சொல்லப்படும் கதைகள் வியப்பானவை. மாடியிலிருந்து விழுந்தான், ஊசியை விழுங்கினான், பால் என்று நினைத்து அமிலம் கலந்த நீரைக் குடித்தான், வெடிமருந்து வெடித்து உடல் வெந்தான், ஆற்றில் மூழ்கப் போய் மீட்கப்பட்டான். இவன் தங்கமாட்டான் என்றே பெற்ற தாயும் நினைத்தாராம். எல்லாவற்றிலும் பிழைத்த அந்தப் பையன், தந்தையின் பட்டறையில் பித்தளையோடும் மரத்தோடும் வளர்ந்தான். புல்லாங்குழலும் கிளாரினெட்டும் முறையாகக் கற்றான்.

செய்யவும் தெரியும், வாசிக்கவும் தெரியும். சாக்ஸின் பலம் இதுதான் என்று நான் கருதுகிறேன். 1838இல், 23 வயதில், ஆழ்ந்த ஒலியுடைய பாஸ் கிளாரினெட்டைத் திருத்தி அமைத்து அதற்குக் காப்புரிமை பெற்றார். 1841இல் பிரஸ்ஸல்ஸில் நடந்த தொழிற்கண்காட்சியில் தங்கப் பதக்கத்துக்கு உரியவராக அவரே கருதப்பட்டார். ஆனால் வயது போதாது, இப்போதே தங்கம் கொடுத்துவிட்டால் பிறகு கொடுக்க ஒன்றும் இருக்காது என்று காரணம் சொல்லி, அதற்கு அடுத்த நிலைப் பதக்கத்தைக் கொடுத்தார்கள். அவர் அதை வாங்க மறுத்துவிட்டார். அடுத்த ஆண்டே பாரிஸுக்குப் புறப்பட்டார். அப்போது அவர் கையில் 30 பிராங்க் மட்டுமே இருந்ததாகச் சொல்வார்கள்.

பித்தளையில் ஒரு குழல்

அக்கால இராணுவ வாத்தியக் குழுக்களில் ஒரு பெரிய குறை இருந்தது. திறந்த வெளியில் வாசிக்கும்போது டிரம்பெட் போன்ற பித்தளைக் கருவிகளின் முழக்கத்தில் மரக்குழல்களின் ஓசை அமுங்கிப்போகும். பித்தளையின் வலிமையும் குழலின் நெகிழ்வும் ஒன்றாகச் சேர்ந்த ஒரு குரலைத் தேடினார் சாக்ஸ்.

அவர் செய்தது இதுதான்: வாயில் ஒடுங்கிப் போகப் போக விரியும் கூம்பு வடிவப் பித்தளைக் குழாயில், கிளாரினெட்டில் உள்ளதுபோல் ஒற்றை நாணல் பொருத்திய வாய்முனையை இணைத்தார். கிளாரினெட்டின் துளை ஒரே அளவாக நீண்டிருப்பதால், ஆதார ஷட்ஜத்தை ஊதும் அதே விரல் நிலையில் அடுத்த படிக்கு ஏற்றினால் ஒலி மேல் பஞ்சமத்திற்குத் தாவும். கூம்பு வடிவத் துளையிலோ அது மேல் ஷட்ஜத்திற்குப் போகும். அதனால் இரண்டு ஸ்தாயிக்கும் ஏறக்குறைய ஒரே விரல் முறை போதும். நம் நாதஸ்வரத்தின் துளையும் கூம்பு வடிவம்தான். ஆனால் அதன் சீவாளி இரட்டை நாணல். சிறுவயதில் என் காது உணர்ந்த உறவுக்குக் காரணம் இங்கே கிடைத்தது. உடல் பித்தளையானாலும், நாணலால் ஒலிப்பதால் சாக்ஸபோனை இன்றும் மரக்குழல் இனத்தில்தான் சேர்க்கிறார்கள்.

பாரிஸில் அவருக்குக் கிடைத்த பெரிய துணை, இசையமைப்பாளர் எக்டர் பெர்லியோஸ். 1842இல் நாளிதழில் சாக்ஸைப் பாராட்டி எழுதிய அவர், 1844 பிப்ரவரியில் தம் இசை நிகழ்ச்சி ஒன்றில் புதிய கருவியை மேடையேற்றினார். 1845 ஏப்ரலில் பாரிஸின் சாம் த மார்ஸ் திடலில் பழைய முறை வாத்தியக் குழுவும் சாக்ஸின் கருவிகளைக் கொண்ட குழுவும் போட்டியிட்டன. சாக்ஸின் பக்கம் வரவேண்டிய சிலர் வரவில்லை. ஆள் குறைந்த அந்தக் குழுவுக்கே மக்களின் ஆரவாரம் கிடைத்தது. அவ்வாண்டே பிரெஞ்சு இராணுவம் அவருடைய கருவிகளை ஏற்றது. 1846இல் சாக்ஸபோனுக்குக் காப்புரிமை கிடைத்தது. ஏழு ஏழாக இரண்டு குடும்பங்கள், மொத்தம் 14 அளவுகள் என்று அவர் திட்டமிட்டிருந்தார்.

வழக்காடிய வாழ்க்கை

கதை இங்கே முடிந்திருந்தால் நான் எதிர்பார்த்த கதையாகவே இருந்திருக்கும். ஆனால் இராணுவ வாய்ப்பை இழந்த பாரிஸ் தயாரிப்பாளர்கள் ஒன்று சேர்ந்தார்கள். சாக்ஸின் கருவிகளில் புதுமை இல்லை, காப்புரிமையை நீக்க வேண்டும் என்று வழக்குத் தொடுத்தார்கள். அவரும் சும்மா இருக்கவில்லை. போலி செய்தவர்கள் மீது வழக்குப் போட்டார். வழக்குகள் ஆண்டுக்கணக்கில் நீண்டன. 1848 புரட்சிக்குப் பின் இராணுவ ஆதரவும் போனது. 1852இல் முதல் திவால்.

அடுத்து உதட்டில் புற்றுக்கட்டி வந்தது. குழல் ஊதுகிறவருக்கு உதட்டில் நோய்! சில ஆண்டுகள் வருந்தி, அதிலிருந்தும் மீண்டார். 1854இல் மூன்றாம் நெப்போலியனின் ஆதரவு கிடைத்தது. 1857 முதல் பாரிஸ் இசைக் கல்லூரியில் இராணுவ மாணவர்களுக்குச் சாக்ஸபோன் கற்றுக்கொடுத்தார். 1870இல் பிரஷ்யாவுடன் போர் மூண்டதும் அந்த வகுப்பும் மூடப்பட்டது. 1873இல் ஒருமுறை, 1877இல் மற்றொரு முறை திவாலானார். அரிதின் முயன்று சேர்த்த நானூறுக்கும் மேற்பட்ட இசைக்கருவிகள் ஏலத்தில் போயின. 1894 பிப்ரவரியில் பாரிஸில் காலமானார். மோன்மார்த்ர் இடுகாட்டில் அடக்கம் செய்யப்பட்டார்.

இந்தப் பகுதியைப் படிக்கும்போது எனக்குச் சாக்ஸ் மீது கோபமும் வந்தது. பட்டறையில் கழிய வேண்டிய ஆண்டுகளை நீதிமன்றத்தில் கழித்துவிட்டாரே என்று தோன்றியது. பிறகு யோசித்தேன். தன் உழைப்பைப் பிறர் எடுத்துக்கொண்டு, அது உன்னுடையதே அல்ல என்று சொன்னால், நம்மில் யார் பேசாமல் இருப்போம்? அவருடைய போராட்டத்தைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால், சாக்ஸபோனை வாழவைத்தது நீதிமன்றத் தீர்ப்பு அல்ல என்பதும் உண்மை.

அவர் அறியாத வாரிசுகள்

காப்புரிமை ஐந்தாண்டு நீட்டிப்புக்குப் பின் 1866இல் முடிந்தது. அதன்பின் எவரும் சாக்ஸபோன் செய்யலாம் என்றானது. 19ஆம் நூற்றாண்டு முடிவதற்குள் அமெரிக்காவிலும் செய்யத் தொடங்கினார்கள். 1872இல் பிசே போன்ற சிலர் பயன்படுத்தியும், ஐரோப்பாவின் பெரிய இசைக்குழுக்கள் அதற்கு நிலையான இடம் தரவில்லை. இடம் தந்தவர்கள் அமெரிக்கக் கறுப்பின இசைஞர்கள். கோல்மன் ஹாக்கின்ஸ், சார்லி பார்க்கர், ஜான் கோல்ட்ரேன் ஆகியோரின் மூச்சில்தான் சாக்ஸபோன் ஜாஸ் இசையின் குரலானது. பாரிஸ் இசைக் கல்லூரி மூடிய வகுப்பை மீண்டும் திறந்தது 1942இல்தான்.

இன்னொரு வாரிசு நமக்கு நெருங்கியவர். 1949இல் தென் கன்னடப் பகுதியில் நாதஸ்வரக் கலைஞரின் மகனாகப் பிறந்த கத்ரி கோபால்நாத், மைசூர் அரண்மனை வாத்தியக் குழுவில்தான் சாக்ஸபோனை முதலில் கண்டார். ஐரோப்பிய இராணுவ வாத்தியக் குழுவுக்காகப் பிறந்த கருவி, அரண்மனை வாத்தியக் குழு வழியாக அவர் கைக்கு வந்தது. மூடிகளை அழுத்தித் தனித்தனி சுரங்களாக வாசிக்கும் கருவியில் கமகம் வராது என்றவர்கள் உண்டு. உதட்டாலும் மூச்சாலும் அதை வரவழைத்து, கருநாடக இசை மேடையில் அமர்த்திக் காட்டினார். 2019இல் அவர் மறைந்தார்.

1995இல் பெல்ஜியம் புதிய 200 பிராங்க் பணத்தாளை வெளியிட்டது. அதில் இருந்த முகம் அடோல்ப் சாக்ஸ்! மூன்று முறை திவாலானவரின் முகம், 2002இல் யூரோ வரும்வரை பெல்ஜிய மக்களின் பணப்பைகளில் இருந்தது. முப்பது பிராங்குடன் ஊரைவிட்டுப் போனவருக்கு அவருடைய நாடு செலுத்திய தாமதமான மரியாதை அது.

மாணவ நண்பர்களே, உனக்கு இன்னும் வயதாகவில்லை என்ற பதிலை நாமும் கேட்டிருக்கிறோம், இனியும் கேட்போம். சாக்ஸுக்குக் கிடைக்காத பதக்கத்தைப் பற்றி இன்று யாரும் பேசுவதில்லை. அவர் செய்த குழலை, அவர் பெயர்கூடத் தெரியாத எத்தனையோ பேர் இன்றும் ஊதிக்கொண்டிருக்கிறார்கள். எங்கள் வீட்டில் அந்தப் பழைய ஒலிநாடா இன்னும் இருக்கிறது. இப்போது கேட்டாலும் கோபால்நாத்தின் மூச்சுதான் முதலில் கேட்கிறது. அதற்கு அடியில், தினான் ஊரில் பிழைத்துக்கொண்ட ஒரு பையனின் மூச்சும் எனக்குக் கேட்கிறது.