முன்னால நசுங்கணும், நடுவுல நசுங்கவே கூடாது

போன வருஷம் என் மாமா மேட்டுப்பாளையத்திலிருந்து கோத்தகிரிக்கு ராத்திரி கார்ல போயிட்டிருந்தப்ப ஒரு காட்டெருமை மேல மோதிட்டார். மறுநாள் ஒர்க்‌ஷாப்ல அந்த காரைப் பார்த்தேன். முன் பம்பர் கிட்டத்தட்ட அப்படியே இருந்தது. நம்பர் பிளேட் கூட வளையல. ஆனா கண்ணாடி முழுசும் உள்ளே போய், டிரைவர் பக்க பில்லர் வளைஞ்சு, கூரையின் முன்பாதி சீட் வரைக்கும் இறங்கியிருந்தது. மெக்கானிக் அண்ணன் முதல்ல கேட்டது, மலையிலிருந்து பாறை விழுந்துச்சா என்றுதான். மாமாவுக்குக் காலர் எலும்பு முறிவு. ஏர்பேக் திறக்கவே இல்லை.

முன்பக்கம் நசுங்கித்தானே நம்மைக் காப்பாத்தணும், அது ஏன் நசுங்கல என்ற கேள்வியோடுதான் இந்த மனிதரைப் பற்றிப் படிக்க ஆரம்பிச்சேன். பெயர் பேலா பாரேனி. கார்ல க்ரம்பிள் ஸோன் என்ற ஒன்றைக் கொண்டுவந்தவர். ஆட்டோமொபைல் டிபார்ட்மென்ட் ஆட்களுக்குப் பெயராவது தெரிஞ்சிருக்கும்.

1907 மார்ச் 1-ஆம் தேதி, வியன்னாவுக்குப் பக்கத்தில் ஹிர்டன்பெர்க் என்ற ஊரில் பிறந்தார். அம்மா வழியில் பெரிய தொழிலதிபர் குடும்பம். அந்தக் காலத்திலேயே வீட்டில் ஒரு ஆஸ்ட்ரோ-டைம்லர் கார் நின்றது. சின்னப் பையனுக்குக் கார் பைத்தியம் பிடித்தது அதில்தான். அப்புறம் முதல் உலகப் போர் வந்தது. ராணுவ அதிகாரியான அப்பா இறந்துபோனார். போருக்குப் பிந்தைய பண நெருக்கடியில் குடும்பச் சொத்து கரைந்தது. ஃபீஸ் கட்ட முடியாமல் பள்ளிப் படிப்பு பாதியில் நின்றது. பிறகு எப்படியோ வியன்னாவில் ஒரு தொழில்நுட்பக் கல்லூரியில் சேர்ந்து மெக்கானிக்கல் படித்தார்.

அங்கே 1925-இல், பதினெட்டு வயதில், எல்லோரும் வாங்கக்கூடிய ஒரு காரை வரைந்தார். இன்ஜின் பின்னால், காற்றால் குளிரும் வகை, உருண்டையான உடம்பு. பின்னாளில் வந்த ஃபோக்ஸ்வாகன் பீட்டிலை நினைத்துக்கொள்ளுங்கள், ஏறக்குறைய அதுதான். ஆனால் பீட்டில் உலகம் முழுக்க ஓடியபோது பெயர் போர்ஷேவுக்குப் போனது. 1950-களில் நீதிமன்றம் ஏறித்தான் அந்த அடிப்படை யோசனை தன்னுடையது என்பதை பாரேனி நிலைநாட்ட வேண்டியிருந்தது. நம்ம ஃபைனல் இயர் ப்ராஜெக்ட்டை சீனியர் பெயரில் வேறொரு கான்ஃபரன்ஸில் பார்த்தால் எப்படி இருக்கும்? அப்படி.

படிப்பு முடிந்தும் நிலையான வேலை இல்லை. ஆஸ்திரியாவில் ஒன்றிரண்டு கம்பெனி, பிறகு பெர்லினில் சில வருஷம். 1939-இல் டைம்லர்-பென்ஸில் வேலை கேட்டுப் போனார். முதலில் இல்லை என்று அனுப்பிவிட்டார்கள். விடாமல் வில்ஹெல்ம் ஹாஸ்பெல் என்ற மேலதிகாரியைச் சந்தித்தார். உங்கள் கார்களில் ஆக்ஸில், ஸ்டீயரிங், சேஸி எல்லாமே மாற வேண்டும் என்று அந்த இன்டர்வியூவிலேயே சொன்னாராம். (கேம்பஸ் இன்டர்வியூவில் இதை முயற்சி செய்ய வேண்டாம்.) ஹாஸ்பெல் கோபப்படவில்லை. பதினைந்து இருபது வருஷம் முன்னால் யோசிக்கிற ஆள் கம்பெனிக்குத் தேவை என்று சேர்த்துக்கொண்டார்.

அந்தக் காலத்தில் பாதுகாப்பான கார் என்றால் கெட்டியான கார். டேங்க் மாதிரி இருந்தால் நல்லது என்பதுதான் எல்லோருடைய நினைப்பும். இப்பவும் டாட்டாகிட்ட, சித்தப்பாகிட்ட கேளுங்க, அதையேதான் சொல்வாங்க. பாரேனி இதைத் திருப்பிப் போட்டார். நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள். 50 கிலோமீட்டர் வேகம் என்பது விநாடிக்கு சுமார் 13.9 மீட்டர். சுவரில் மோதி 10 சென்டிமீட்டருக்குள் நின்றால் உள்ளே இருப்பவர் மேல் கிட்டத்தட்ட 100 ஜி. அதே கார் 60 சென்டிமீட்டர் நசுங்கி நின்றால் 16 ஜி. முதலாவதில் பிழைப்பது கஷ்டம். இரண்டாவதில் பெல்ட் போட்டிருந்தால் வீட்டுக்கு வரலாம்.

1951 ஜனவரியில் இதற்கான பேடன்ட் விண்ணப்பம் போனது. அதில் காரை மூன்றாகப் பிரித்தார். முன்னும் பின்னும் நசுங்குகிற பகுதி, நடுவில் நசுங்காத பயணிகள் அறை. 1959-இல் வந்த மெர்சிடிஸ் டபிள்யூ 111 இந்த முறையில் கட்டப்பட்ட முதல் கார். அதே வருஷம் செப்டம்பரில் ஜிண்டெல்ஃபிங்கன் தொழிற்சாலையில் கார்களை வேண்டுமென்றே மோதிப் பார்க்கும் சோதனைகளும் தொடங்கின.

நாம் பரீட்சைக்குப் படிப்பது இதில் முன்பாதியை மட்டும்தான். க்ரம்பிள் ஸோன், 2 மார்க், முடிந்தது. பயணிகள் அறை நசுங்கக் கூடாது என்ற மறுபாதியை யாரும் கண்டுகொள்வதில்லை. மாமா காரில் தோற்றது அந்த மறுபாதி.

காட்டெருமை சுவர் கிடையாது. வளர்ந்த கடா ஒரு டன் வரைக்கும் வரும், ஆனால் அந்த எடை முழுக்க பானெட்டுக்கு மேலே இருக்கிறது. பம்பர் மோதுவது கால்களில். கால் வாரிவிடப்பட்டதும் உடம்பு பானெட் மேல் உருண்டு நேரே கண்ணாடிக்கும் கூரைக்கும் வருகிறது. முன்பக்கம் பெரிய அடியே வாங்காததால் சென்சாருக்கு விபத்து நடந்ததே சரியாகத் தெரியாமல் போகலாம். இன்னொன்று, கருப்பு உடம்பு, முழங்காலுக்குக் கீழே மட்டும் வெள்ளை சாக்ஸ் போட்ட மாதிரி நிறம். லோ பீமில் தெரிவது அந்த சாக்ஸ் மட்டும்தான், மாமாவும் அதைத்தான் சொன்னார். யானை என்றால் இன்னும் மோசம். திம்பம் மலைப்பாதையில் 2022 பிப்ரவரியிலிருந்து ராத்திரிப் போக்குவரத்துக்குத் தடை இருப்பது விலங்குகளுக்காக. நியாயமாகப் பார்த்தால் நமக்காகவும்தான்.

பாரேனி காட்டெருமையைப் பார்த்திருக்க மாட்டார். ஆனால் கூரையைப் பற்றி நிறைய யோசித்திருக்கிறார். 1963-இல் வந்த மெர்சிடிஸ் 230 எஸ்எல் காரின் கூரை நடுவில் சற்றுக் குழிந்து, இரண்டு ஓரமும் உயர்ந்திருக்கும். பகோடா கோவில் கூரை மாதிரி இருப்பதால் அந்த காருக்கே பகோடா என்று பெயர். எல்லோரும் அழகுக்கு என்று நினைத்தார்கள். அதன் பின்னால் இருந்தது பாரேனியின் யோசனை. தட்டையான தகரம் சுலபமாக மடங்கும், நெளி நெளியான தகரம் மடங்காது. நம்ம வீட்டு ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் ஏன் நெளிஞ்சிருக்கு என்பதற்கும் அதே பதில்தான். எடையைக் கூட்டாமல் கூரைக்கு பலம் சேர்ப்பது.

ஓய்வு பெறும்போது அவர் பெயரில் 2,500-க்கும் மேல் பேடன்ட்கள். மோதினால் டிரைவரின் நெஞ்சில் குத்தாத ஸ்டீயரிங் அமைப்பும் அதில் ஒன்று. 1997 மே 30-ஆம் தேதி, ஜிண்டெல்ஃபிங்கனுக்குப் பக்கத்து ஊரான போப்லிங்கனில் இறந்தார். நாலு வருஷம் கழித்து, 2001-இல், ஸ்வீடனில் மாக்னஸ் கென்ஸ் என்ற மாணவர் தன் தீசிஸுக்காக ரப்பர் தகடுகளை அடுக்கி ஒரு மூஸ் மான் பொம்மை செய்து அதன் மேல் கார்களை மோதவிட்டார். அந்த ஊரில் ராத்திரி ரோட்டுக்கு வரும் பெரிய விலங்கு அதுதான். 2022-இல் அதற்கு இக் நோபல் கிடைத்தது. சிரிக்க வைக்கும் பரிசு, ஆனால் வேலை சீரியஸ்.

நான் தினமும் ட்ரெயினிங்குக்கு வல்லம் வடகாலில் இறங்குகிறேன். பக்கத்து ஒரகடத்தில் டைம்லரின் லாரித் தொழிற்சாலையே இருக்கிறது. கார்களைச் சோதிக்கும் குளோபல் ஆட்டோமோட்டிவ் ரிசர்ச் சென்டரும் அங்கேதான். 2023-இல் தொடங்கிய பாரத் என்கேப்பில் முன்பக்க மோதல் 64 கிலோமீட்டர் வேகத்தில், பக்கவாட்டு மோதல் 50-இல், கம்பத்தில் மோதுவது 29-இல். எல்லாமே தரையிலிருந்து நிற்கிற தடைகள். கால் மெலிந்து உடம்பு மேலே இருக்கிற ஒன்றின் மேல் மோதும் சோதனை இதில் இல்லை.

எங்க டீம் ப்ராஜெக்ட் அதுதான். 700 கிலோ காட்டெருமையை சாஃப்ட்வேரில் கட்டி, ஏ-பில்லரில் மோதவிடுகிறோம். பில்லரைத் தடிமனாக்கினால் பலம் கூடுகிறது, ஆனால் டிரைவருக்கு ரோட்டின் ஓரம் மறைகிறது. அந்த மறைவிலிருந்துதான் மாடு வரும். இப்போதைக்கு கால்கள் மட்டும் சரியாக வந்திருக்கின்றன. இரண்டாவது ரிவ்யூ அடுத்த வியாழக்கிழமை.